பேய் வீடு தேடி மன்னாருக்கு

மன்னாருக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் மடுவுக்கோ திருக்கேதீச்சரத்துக்கோ நேர்த்தி வைத்துப் போவார்கள். நாங்கள் போனது பேய்கள் குடியிருக்க ஒரு வீடு பார்க்க. சண்டை முடிந்து இரண்டு வருடம் கடந்திருந்தது. இடம்பெயர்ந்த சனம் ஊர் ஊராகத் திரும்பிக்கொண்டிருந்தது. தலைமன்னார் ரயில் இன்னும் ஓடத் தொடங்கவில்லை.

என் சிநேகிதி சுகந்தி தொலைக்காட்சிக்கு நாடகம் எழுதுகிறவள். நான் கொழும்பில் ஆசிரியை. ஓகஸ்ட் விடுமுறை என்பதால் துணைக்குப் போனேன். அவளுக்கு முதன்முறையாக ஒரு முழுத் தொடர் கைக்கு எட்டும்போல் இருந்தது. சனிக்கிழமை மாலைகளில் போடக்கூடிய பேய் நகைச்சுவை. முத்துக்குளிப்புக் காலத்தில் செத்துப்போன ஒரு வியாபாரக் குடும்பம், அந்தக் காலத்து உடுப்போடும் அந்தக் காலத்துச் சண்டைகளோடும் இன்னும் தங்கள் வீட்டிலேயே இருக்கிறது. வாடகைக்கு வருகிற ஒரு கந்தோர் கிளாக்கரை விரட்டப் பார்க்கிறது. கதை தொலைக்காட்சி நிலையத்தாருக்குப் பிடித்திருந்தது. ஆனால் வீட்டைப் பார்க்காமல் முடிவு சொல்ல மாட்டோம் என்றார்கள்.

பழைய காலத்துக் கதைகள் எடுத்த இடங்களின் படங்களையும் அவளுக்குக் காட்டினார்களாம். பச்சை வயல், தாமரைக் குளம், மாட்டு வண்டி, ஓடு போட்ட பெரிய வீடு. எந்த நூற்றாண்டுக் கதை என்றாலும் ஊர் மட்டும் அதே ஊர்தான். நம்முடைய சினிமா கிராமத்தில் எப்போதும் மழை பெய்து முடிந்த அடுத்த நாளாகவே இருப்பது எப்படி என்று நானும் யோசித்திருக்கிறேன். சுகந்திக்கு அது சரிப்படவில்லை. "முத்துக் குளிச்ச ஊரில தாமரைக் குளம் எங்கையடி? மணலும் பனையும் கழுதையும்தானே இருந்திருக்கும்" என்றாள். அப்படித்தான் பயணம் புறப்பட்டது.

கொழும்பு புறக்கோட்டையிலிருந்து காலை பஸ். முந்நூறு கிலோமீற்றருக்குச் சற்று மேல். எட்டு மணித்தியாலத்துக்குக் குறையாது. மதவாச்சிச் சோதனைச் சாவடியில் இறங்கி அடையாள அட்டை காட்டிவிட்டு மறுபடி ஏற வேண்டியிருந்தது. முருங்கனைத் தாண்டியதும் வெளி விரியத் தொடங்கும். தள்ளாடிக்கு அப்பால் பாலத்தில் ஏறும்போது இரண்டு பக்கமும் தண்ணீர், எந்தப் பக்க ஆசனம் என்றாலும் நட்டமில்லை. பட்டினத்தில் பஸ் நிலையத்துக்குப் பின்னால் ஒரு விடுதியில் தங்கினோம். மின்விசிறி இருந்தது. குளிக்கும் தண்ணீர் உப்பு.

அடுத்த நாள் நாங்கள் போனது அரிப்பு, முத்துக்குளிப்பு நடந்த கடலோர ஊர். தோட்டவெளியைச் சேர்ந்த அந்தோனி என்பவரின் ஓட்டோவை அரை நாளுக்குப் பேசினோம். நாற்பது வயதிருக்கும். நான் ஆசிரியை என்று தெரிந்ததும் எங்கள் இருவரையும் மிஸ் என்றே கூப்பிட்டார். வங்காலையைத் தாண்டிக் கடலோரமாகப் போகிற அந்த வீதியில் நெடுந்தூரத்துக்கு ஒரு மின்கம்பம் இல்லை. தகரக் கொட்டில்கள், புதிதாக வெட்டிய கிணறு, பனங்கூடல், பிறகு வானம். சுகந்தி ஓட்டோவுக்கு வெளியே தலையை நீட்டி, "ஒரு கம்பிகூட இல்லையடி, பார்!" என்றாள். பழைய காலத்துக் கதை எடுப்பவர்களுக்குக் கம்பிதான் பெரிய தலையிடி. தூணுக்கு ஓலை கட்டி மறைப்பார்கள், கமெராவைத் திருப்பித் திருப்பி வைப்பார்கள்.

அந்தோனி கண்ணாடியில் எங்களைப் பார்த்தார். "கரண்ட் வரும் எண்டு சொல்லித்தான் மிஸ் இந்தச் சனம் வந்து இருக்குது. அங்கால குழி தோண்டிப் போட்டினம். நீங்கள் படம் எடுக்கிறதெண்டால் கெதியா எடுங்கோ" என்றார்.

அவர் குத்திச் சொல்லவில்லை. உண்மையாகவே உதவிக்குத்தான் சொன்னார். ஆனால் சுகந்தி தலையை உள்ளே எடுத்துக்கொண்டாள். அதன்பிறகு கொட்டில்களைக் கண்டபோது நான் வாசல்களைப் பார்த்தேன். ஒரு வாசலில் பள்ளிக்கூட வெள்ளைச் சட்டை காய்ந்துகொண்டிருந்தது.

அரிப்பில் கடலோரம் நிற்கிற இடிபாட்டை ஊரில் அல்லிராணி கோட்டை என்பார்கள். வெள்ளைக்காரத் தேசாதிபதி கட்டிய மாளிகை அது. செங்கல் சுவரில் பாதி கடலோரச் சரிவில் விழுந்து கிடந்தது. பார்க்க அழகுதான். ஆனால் ஒரு குடும்பம் உட்கார்ந்து சண்டை பிடிக்க நிழல் இல்லை. "இந்த வெயிலுக்குப் பேய்கூட இருக்காது" என்று சுகந்தி சொல்ல, அந்தோனி முதல்தடவையாகச் சிரித்தார். நாளைக்கு எருக்கலம்பிட்டியில் ஒரு பழைய வீடு காட்டுகிறேன் என்றார். "பெரிய ஆக்கள் இருந்த வீடு. இப்ப ஒருத்தரும் இல்லை."

எருக்கலம்பிட்டி பட்டினத்திலிருந்து பத்துக் கிலோமீற்றர் அளவு, தீவுக்குள்ளேயே வடக்குக் கரையில் இருக்கிற முஸ்லிம் ஊர். 1990இல் வடக்கு முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டபோது இந்த ஊரே எழும்பிப் புத்தளம் பக்கம் போனது. நாங்கள் போன சமயம் சில வளவுகளில் புதுத் தகரம் மின்னியது. சில வளவுகளில் எருக்கலை ஆள் உயரம் நின்றது.

வீட்டைப் பார்த்ததும் சுகந்தி கமெராவை வெளியே எடுத்தாள். கடலில் எடுத்த முருகைக் கல்லும் சுண்ணாம்பும் சேர்த்துக் கட்டிய தடித்த சுவர். கூரை இல்லை, நிலை இல்லை, ஜன்னல் இல்லை. நடுக் கூடத்தில் ஒரு வேம்பு வளர்ந்து, ஒரு காலத்தில் கூரை இருந்த உயரத்தையும் தாண்டிக் கிளை விட்டிருந்தது. சுவரில் நீல வர்ணம் இன்னும் திட்டுத் திட்டாக ஒட்டியிருந்தது. அந்தோனி ஓட்டோவிலேயே இருக்க நாங்கள் உள்ளே போனோம். சுகந்தி அறைக்கு அறை நடந்து படம் எடுத்தாள். செத்துப்போன வியாபாரி இந்த மூலையில், மனைவி வேம்புக்குக் கீழே, கோபக்கார மைத்துனர் அந்த ஜன்னல் ஓட்டையில். "பேய்களுக்கு இதைவிட நல்ல வீடு கிடைக்காது" என்று சத்தமாகச் சொன்னாள்.

"எந்தப் பேய், தங்கச்சி?"

பின்வாசல் பக்கம் ஒரு பெண் நின்றார். ஐம்பது வயது கடந்தவர். கையில் மண்வெட்டி, தலைத்துணியை இழுத்துப் பின்னால் கட்டியிருந்தார், முகமெல்லாம் வியர்வை. அவருக்குப் பின்னால் பார்த்தபோதுதான் பின்வளவு முழுவதும் எருக்கலை வெட்டித் துப்புரவாகக் கிடப்பது தெரிந்தது.

சுகந்தி கமெராவைக் கீழே இறக்கினாள். சத்தம் கேட்டு அந்தோனி வந்து, "ராத்தா, நீங்கள் வந்திருக்கிறது தெரியாது. இவை கொழும்பால வந்தவை, ரீவீல வேலை செய்யினம்" என்றார். அது வீட்டுக்காரி ஹாஜரா. புத்தளத்திலிருந்து ஒரு கிழமைக்கு வந்து சொந்தக்காரர் வீட்டில் தங்கி வளவைத் துப்புரவாக்குகிறார். ஏச்சு விழும் என்று நான் எதிர்பார்த்தேன். அவர் மண்வெட்டியைச் சுவரில் சாய்த்துவிட்டு, "வெயிலுக்குள்ள நிக்காம இங்கால வாங்க" என்று எங்களை வேம்பின் கீழ் இருத்தினார். மகள் நஸீமா ஒரு பிளாஸ்க்கில் தேத்தண்ணி கொண்டுவந்தாள். இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயதிருக்கும்.

சுகந்தி எதையும் மறைக்காமல் கதையைச் சொன்னாள். கேட்டு முடித்தபின் ஹாஜரா, "எடுக்க ஏலாது தங்கச்சி. கோவிக்காதீங்க" என்றார்.

நஸீமாவுக்குக் கல்யாணம் பேசியிருந்தது. மாப்பிள்ளை வீட்டாரும் இதே ஊர்தான், இப்போது புத்தளத்தில். பெண்ணோடு வீடு கொடுப்பது அவர்கள் வழக்கம், கொடுக்க இருப்பது இந்த வீடு. ஆனால் இந்த வீட்டில் ஜின் குடியிருக்கிறது என்று யாரோ மாப்பிள்ளையின் தாயிடம் சொல்லியிருக்கிறார்கள். அந்த மாமி பயந்துபோய் நாள் குறிக்காமல் இழுத்துக்கொண்டிருக்கிறார்.

"இருபது வருசம் ஆள் இல்லாத வீடு. ஆள் இல்லாட்டி ஜின் எண்டுதானே சனம் சொல்லும்" என்றார் ஹாஜரா. "ராவைக்குக் கூடத்தில சத்தம் கேக்குதாம். கூடத்துக்குள்ள மரம் நிண்டா சத்தம் கேக்கும்தானே. இந்த நேரம் நீங்க ரீவியிலயும் காட்டினா நான் என்ன செய்ய?"

நஸீமாவின் கணக்கு வேறு. "காட்டட்டும் உம்மா. ஒரு ஆள் பவுடர் பூசிக்கொண்டு நிக்கிறத எல்லாரும் பாப்பாங்க. ஒருக்காச் சிரிச்சிட்டா பிறகு ஆரு பயப்படுவாங்க?"

"நீ சிரிப்பாய். மாமி சிரிக்கணுமே."

நஸீமா பிளாஸ்க்கை மூடினாள். சுகந்தி கமெராவை எடுத்து, எடுத்த படங்களை அவர்கள் முன்னாலேயே ஒவ்வொன்றாக அழிக்கத் தொடங்கினாள். இந்த ஒரு வீட்டில் அவளுடைய தொடர் தங்கியிருந்தது எனக்குத் தெரியும். நான் வேறு பக்கம் பார்த்தேன். முன்வாசல் படம் வந்தபோது ஹாஜரா அவள் கையைப் பிடித்தார். "இத அழிக்காதீங்க. எனக்கு ஒண்டு கழுவி அனுப்புங்க. திருத்தின பிறகு பக்கத்தில வெச்சுப் பாக்கணும்."

புறப்படும்போது அவர் கேட்டார்: "அந்தக் கதை எப்பிடி முடியுது?"

"கிளாக்கர் பயந்து ஓடிடுவார். வீடு பேய்களுக்குத்தான்."

"வீட்டுக்காரர் வர மாட்டாங்களா?"

"அப்பிடி நான் யோசிக்கேல்லை" என்றாள் சுகந்தி.

"வருவாங்க. எழுதுங்க."

திரும்பும் வழியில் தோட்டவெளியில் சுகந்தி அந்தோனியிடம் ஓட்டோவை நிறுத்தச் சொல்லி, பேனை இருக்கிறதா என்று என்னிடம் கேட்டாள்.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். மாசி முதல் ஆவணி வரை வெயில் கடுமை. தொப்பியும் தண்ணீரும் கட்டாயம். பறவை பார்க்க விரும்புகிறவர்கள் மார்கழியை ஒட்டிப் போகலாம், வங்காலைப் பக்கம் பூநாரைகள் வரும் காலம் அது. அரிப்புக்கு அரை நாள் ஒதுக்குங்கள், சாப்பாட்டைக் கட்டிக்கொண்டு போங்கள். அரிப்புப் போக, எருக்கலம்பிட்டி போக என்று இரண்டு நாளுக்கு ஓட்டோவுக்கு நாங்கள் கொடுத்தது நாலாயிரம் ரூபாய். இப்போது அது நடக்காது. கண்ணிவெடி என்று சிவப்புப் பலகை நட்ட இடங்களில் வீதியை விட்டு இறங்கவே கூடாது. மீள்குடியேறிய ஊர்களில் படம் எடுக்குமுன் கேளுங்கள். இடிந்த சுவர் என்றாலும் கேளுங்கள். யாருடையது என்று பக்கத்து வளவில் விசாரித்தால் சொல்வார்கள், பெரும்பாலும் தேத்தண்ணியும் கிடைக்கும். எருக்கலம்பிட்டியில் தங்க இடம் இல்லை. பட்டினத்திலிருந்து போய் வரலாம்.

பிறகு நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். கதையை மாற்றி எழுதிக் கொடுத்தபோது நிலையத்தார் ஒப்புக்கொண்டார்கள். நீர்கொழும்புப் பக்கம் ஒரு பழைய வீட்டில் எடுத்தார்கள். வெளிக்காட்சிகளுக்கு மட்டும் அரிப்பு வீதி. அதற்குள் அங்கே கம்பங்கள் வந்துவிட்டன, சுகந்தி அவற்றை மறைக்கச் சொல்லவில்லை. கடைசிப் பகுதியில் வீட்டுக்காரி பிள்ளைகளோடு திரும்பி வருகிறாள், பேய்கள் வெளியேற வேண்டும். எப்படி வெளியேற்றுவது என்பதில் சுகந்தி நாட்கணக்காகத் திணறினாள். மந்திரவாதியை வைத்து எழுதினாள், கிழித்தாள். கடைசியில் என் பக்கத்தில் இருந்துகொண்டே ஹாஜராவுக்கு ஃபோன் எடுத்தாள்.

ஹாஜரா சொன்னார்: "அவசரப்படுத்தாதீங்க தங்கச்சி. சாமான் கட்ட நேரம் குடுங்க. என்னத்த எடுக்கிற, என்னத்த விடுற எண்டு பாத்து எடுக்கட்டும். தொண்ணூறில எங்களுக்கு அது கிடைக்கேல்ல."

அந்தக் கடைசிப் பகுதியில் வேறு ஒன்றும் நடக்கவில்லை. பேய்கள் அரை மணித்தியாலம் முழுக்க மூட்டை கட்டின. தராசுக்குச் சண்டை, தலையணைக்குச் சண்டை. மைத்துனர் ஜன்னலைக் கழற்றிக்கொண்டு போகப் பார்த்தார். வீட்டுக்காரி படியில் உட்கார்ந்து, அவசரமில்லை, ஆறுதலாகக் கட்டுங்கோ என்று சொல்லிக்கொண்டிருந்தாள். நான் சிரித்தேன், நடுவில் நிறுத்தினேன், மறுபடி சிரித்தேன்.

எருக்கலம்பிட்டியில் அதைப் பார்த்த விதத்தை நஸீமா ஃபோனில் சொன்னாள். அப்போது வீட்டுக்குக் கூரை போட்டாகிவிட்டது. வேம்பைத் தறிக்க மனம் வராமல் கூடத்தைச் சுற்றி வளைத்துக் கட்டியிருந்தார்கள். கூரை ஏறியபின் மாமி நாள் குறித்து, கல்யாணமும் முடிந்து, அன்று விருந்துக்கு வந்திருந்தார். பேய் நாடகம் என்றதும் அவர் முதலில் கதிரையைப் பின்னுக்கு இழுத்துப் போட்டாராம். பாதியில் முன்னுக்கு வந்துவிட்டார். கடைசி மூட்டையோடு பேய்கள் படலையைத் தாண்டியபோது அவர் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பாவம். ஒரு தேத்தண்ணியாவது குடுத்து அனுப்பியிருக்கலாம்" என்றாராம்.