பிச்சாட்டூர் வியாழக்கிழமைகள்

கேட்டவுடன் ஊசி போடமாட்டார் என்பதற்காகவே சித்தூரில் டாக்டர் டெபோராவைத் திட்டியவர்கள் உண்டு. திட்டியவர்களும் அவரிடமே திரும்பி வந்தார்கள். வியாழக்கிழமைகளில் மட்டும் கிளினிக்கை மூடிவிட்டு பிச்சாட்டூருக்குப் போவார். அங்கே சர்ச்சுக்குச் சொந்தமான ஓர் அறையில் நாள் முழுக்க இலவச வைத்தியம். ஒரு மேசை, ஒரு கட்டில், பிரஷர் பார்க்கும் கருவி, இரண்டு பெட்டி மாத்திரை. எட்டு வருடமாக அங்கே இருந்தது அவ்வளவுதான்.

2011 மார்ச்சில் கோவர்த்தனன் என்ற விவசாயி தன் மனைவி தாட்சாயணியை அங்கே கூட்டிவந்தார். நாற்பத்திரண்டு வயசு. மேல்வயிறு எரிகிறது, நேற்றிலிருந்து சும்மா சும்மா வேர்க்கிறது என்றாள். அன்றைக்கு வரிசை வாசலைத் தாண்டி நின்றது. டெபோரா வயிற்றை அழுத்திப் பார்த்தார்.

"வேளைக்குச் சாப்பிடறதில்லையா?"

"களை எடுக்கிற நாளு, எங்க துன்றது டாக்டரம்மா?" என்று சிரித்தாள்.

எரிச்சலுக்கு மாத்திரை கொடுத்து அனுப்பினார்.

மறுநாள் விடியற்காலையில் திருப்பதிக்குக் கொண்டுபோகும்போது, புத்தூர் வருமுன்னே உயிர் போய்விட்டது. மாரடைப்பு. சேதி டெபோராவுக்கு எட்டியது. வேர்க்கிறது என்று அவள் வாயாலேயே சொன்னாளே, அதைக் காதில் வாங்காமல் விட்டோமே என்று குமைந்தார்.

கோவர்த்தனனிடம் போய்ச் சொல்லப்போகிறேன் என்றதும் கணவர் ஆண்ட்ரூ தடுத்தார். "யாரும் உன்னைக் குத்தம் சொல்லல. நீயா போய் எதுக்கு வாயைக் குடுக்கிற?"

"அவங்க சொல்லலன்னா நடந்தது இல்லன்னு ஆயிடுமா?"

காரியம் முடிந்த மறுநாள் கோவர்த்தனன் வீட்டுக்குப் போனார். கோவர்த்தனன் நாற்காலி எடுத்துப் போட்டார். டெபோரா உட்காரவில்லை.

"அது நெஞ்சுல இருந்து வந்த வலின்னு நான் சந்தேகப்பட்டிருக்கணும். அன்னிக்கே திருப்பதிக்கு அனுப்பியிருந்தா பொழைச்சிருக்கலாம். தப்பு என்னோடது."

கோவர்த்தனன் நாற்காலியை எடுத்து ஓரமாக வைத்தார். "போய் வாங்கம்மா" என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனார்.

அதற்குப் பிறகு டெபோரா அந்தப் பக்கமே போகவில்லை. ஆடி மாதம் கோவர்த்தனனே சித்தூர் கிளினிக்குக்கு வந்தார். டோக்கன் வாங்கி, தன் முறை வரும்வரை காத்திருந்து உள்ளே வந்தார்.

"வியாழக்கெழமையானா ஜனங்க வந்து, பூட்டைப் பாத்துட்டுத் திரும்பிப் போய்க்கினு இருக்காங்க. ஏன் வரல?"

"எந்த மொகத்தோட வருவேன்?"

"அது உங்க பாடு. போனவ போயிட்டா. இன்னொருத்தி அதே வலியோட வந்து, பூட்டின கதவைப் பாத்துட்டு வூட்டுக்குப் போவக்கூடாது."

அடுத்த வியாழக்கிழமை டெபோரா ஈசிஜி மெஷினோடு போய் இறங்கினார். வயிறு எரிகிறது என்று யார் வந்தாலும் முதலில் அதுதான். மறு வருடம் செல்லியம்மா என்ற கூலிக்காரி அப்படித்தான் வந்தாள். ஈசிஜி பார்த்த கையோடு ஆம்புலன்ஸில் திருப்பதிக்கு அனுப்பினார். பிழைத்துக்கொண்டாள். டெபோரா அதைக் கோவர்த்தனனிடம் சொன்னார். "நல்லது" என்று சொல்லித் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு நடந்துவிட்டார்.

இன்றைக்கும் வியாழக்கிழமை தவறுவதில்லை. தெருவில் யாருக்கு உடம்பு சரியில்லை என்றாலும் கோவர்த்தனன்தான் கூட்டிவருகிறார். தனக்கு ஒரு காய்ச்சல் என்றால் மட்டும் பஸ் ஏறி புத்தூர் டாக்டரிடம் போகிறார். ஏன் என்று டெபோரா ஒரு நாளும் கேட்டதில்லை.