கிழக்கே குடிதண்ணீர்க் கிணறு

வாசலில் நின்று அமீனா படித்தது இன்னும் என் காதில் இருக்கிறது. கோர்ட்டிலிருந்து வீட்டைக் கைப்பற்றிக் கொடுக்க வந்தவர் அவர். கையில் வாரண்டு, பக்கத்தில் தமுக்கு அடிக்க ஒரு ஆள். “வடக்கே ஊர்ப் பாதை, தெற்கே ஏரிக் கால்வாய், மேற்கே பங்காளி நிலம், கிழக்கே குடிதண்ணீர்க் கிணறு. இதற்குள் அடங்கிய மனையும் வீடும்” என்று படித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தார். கிழக்கே கிணறு இல்லை. சிமெண்டு ஷீட் போட்ட சமையலறை இருந்தது. அதன் கதவைப் பிடித்துக்கொண்டு என் நாத்தனார் நின்றிருந்தார்.

நாத்தனார் என் வீட்டுக்காரருக்கு மூத்த அக்கா. புருஷனைப் பறிகொடுத்து, பிள்ளையும் இல்லாமல், சின்ன வயதிலேயே பிறந்த வீட்டுக்குத் திரும்பி வந்தவர். கிழக்குத் தாம்பரம் தாண்டி, அன்றைக்கு நெல் விளைந்த ஊர் அது. நான் அங்கே வாழப் போன புதிதில் நான்கு பேர் முன்னால் தலை நிமிர மாட்டேன். யாராவது பேர் கேட்டால்கூட நாத்தனார்தான் எனக்காகச் சொல்வார். மூத்தவனை வயிற்றில் சுமந்தபோது என்னை அந்தக் கிணற்றுப் பக்கமே விடவில்லை. என் குடத்தையும் சேர்த்து அவரே இறைத்தார். பிறகு வீட்டுக்காரரின் லேத் பட்டறை வேலைக்காக நாங்கள் குரோம்பேட்டையில் குடக்கூலிக்குப் போனோம். மாமனாரைக் கடைசிவரை வைத்துப் பார்த்தது நாத்தனார்தான்.

மாமனார் தான் சம்பாதித்த அந்த மனையையும் வீட்டையும் மகன் பேருக்கு உயில் எழுதி வைத்தார். மகளைப் பற்றி அதில் ஒரு வரி இல்லை. ஆகாத மகள் என்று இல்லை. அக்காவைத் தம்பி பார்த்துக்கொள்வான் என்பதை எழுதிவைக்க வேண்டிய விஷயமாகவே அவர் நினைக்கவில்லை. அவர் காலத்து ஆட்கள் அப்படித்தான். “உசுரு கீற வரைக்கும் நீ இங்கயே இரு” என்று வாயால் சொன்னாராம். நாத்தனார் அதை நம்பி இருந்தார்.

எண்பதுகளில் ஊர் முழுக்க மனை போட ஆரம்பித்தார்கள். ஒருநாள் ஒரு புரோக்கர் வந்து வாசலை அடியெடுத்து அளந்துவிட்டுப் போயிருக்கிறார். அவரை யாரும் அனுப்பவில்லை. நாத்தனார் பயந்துபோய்க் குரோம்பேட்டைக்கு வந்து, நான் சாகிற வரைக்கும் இருக்கலாம் என்று ஒரு பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடு என்று தம்பியிடம் கேட்டார். கேட்டது அவ்வளவுதான். “என்னையே எழுதிக் குடுன்னு கேக்கறியா? நான் உன்ன தொரத்திடுவேனா?” என்று இவர் சாப்பாட்டுத் தட்டிலிருந்து எழுந்துவிட்டார். துரத்த மாட்டேன் என்று கோபித்துக்கொண்ட அதே மனிதர்தான், அக்கா தன்னை நம்பவில்லையே என்ற ரோஷத்தில், வீட்டைக் காலி செய்யச் சொல்லிக் கேஸ் போட்டார். வீட்டை அப்பா வாயாலேயே எனக்குக் கொடுத்துவிட்டார் என்று நாத்தனார் பதில் போட்டார். வாயால் சொன்னதற்கு என்ன சாட்சி என்று கோர்ட் கேட்டது. மேல் கோர்ட்டும் உயில்தான் செல்லும் என்றது.

அப்படித்தான் அன்று காலை அமீனா வந்தார்; இவரோடு நானும் போயிருந்தேன். கிணறு உப்புத் தட்டி, தெருக்குழாய் வந்த பிறகு நாத்தனார் அதைத் தூர்த்து மேலே சமையலறை கட்டியிருந்தார். சுற்றிலும் புதுசாகக் குடிவந்த ஆபீஸ்காரர்கள். அவர்களுக்குக் கிணறு தெரியாது. தெரிந்த பழைய ஆட்கள் நிலத்தை விற்றுவிட்டுப் போய்விட்டார்கள். எல்லை தெரியாமல் நான் எதைக் கைப்பற்றிக் கொடுப்பது, வாரண்டைக் கோர்ட்டுக்கே திருப்பிவிடுகிறேன், சர்வேயர் வைத்து அளந்து வாருங்கள் என்றார் அமீனா. அதற்கு இன்னும் இரண்டு வருஷமாவது ஆகும். அந்த இரண்டு வருஷம் நாத்தனாருக்கு வீடு இருக்கும்.

சமையலறையைக் காட்டி, இங்கேதான் கிணறு இருந்தது என்றார் என் வீட்டுக்காரர். நாத்தனார் சிரித்தார். “உனுக்கு கெணறு எங்கடா தெரியும்? ஒரு கொடம் தண்ணி மொண்டுகினு வந்திருப்பியா? இறைச்சுக் குடுத்த தண்ணில குளிச்சவன் நீ.” தமுக்குக்காரர்கூடச் சிரித்துவிட்டார். பிறகு நாத்தனார் என் பக்கம் கையை நீட்டினார். “அவ மொண்டுக்கீறா. அவ சொல்லட்டும் சார். அவ சொன்னா நான் எறங்கிடறேன்.”

நான் வாயே திறக்க மாட்டேன் என்று நம்பித்தான் சொன்னாரா, நான் பொய் சொல்ல மாட்டேன் என்று தெரிந்து சொன்னாரா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அமீனா பொறுமையாகக் கேட்டார். “சொல்லுங்கம்மா, கிணறு எங்க இருந்துச்சு?” அத்தனை ஆம்பிளைகளும் என்னையே பார்த்தார்கள். நடந்தேன். நாத்தனாரைத் தாண்டி உள்ளே போய், அடுப்பு மேடைக்கும் அம்மிக்கும் நடுவில் நின்றேன். அவ்வளவுதான் செய்தேன்.

நாத்தனார் ஒன்றும் சண்டை போடவில்லை. “செரி சார், எழுதிக்கோங்க” என்றார். உலையில் அரிசி கொதித்துக்கொண்டிருந்தது. அமீனா அதைப் பார்த்துவிட்டு, வடித்து முடிக்கட்டும் என்று வெளியே போய் நின்றார். சோற்றை வடித்து, பானையைத் துணியில் கட்டி, இரண்டு டிரங்குப் பெட்டியோடு நாத்தனார் தெருவில் இறங்கினார். அதன் பிறகுதான் தமுக்கு அடித்தார்கள்.

வீடு எங்கள் கைக்கு வந்தது. குடிபோக இவருக்கு மனசு வரவில்லை. பூட்டியே கிடந்தது. நாத்தனார் பள்ளிக்கரணையில் ஒற்றை அறையில் இருந்துகொண்டு, ஒரு ஸ்கூலில் ஆயா வேலை பார்த்தார். பண்டிகைக்குப் பலகாரம் எடுத்துக்கொண்டு நான் தனியாகப் போவேன். வாங்கி வைத்துக்கொள்வார். கிணற்றைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டதில்லை. ஆறு வருஷம் அப்படி இருந்து செத்துப்போனார்.

காரியம் முடித்துப் பஸ்ஸில் திரும்பி வந்தபோது இவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: “அன்னிக்கு நீ ஒரு வார்த்த சொல்லியிருந்தா அக்காவ அங்கயே விட்டிருப்பேன்.” அவரை எதிர்த்து ஒரு கேள்வி கேட்டிராத நான் கேட்டேன், “உங்களுக்கா தோணலையா?” தாம்பரம் வரைக்கும் அவர் கையிலிருந்த டிக்கெட்டை மடித்து மடித்துப் பிரித்துக்கொண்டு வந்தார்.

இப்போது அவரும் இல்லை. வீட்டை விற்று வருஷம் பல ஆகிவிட்டது. கோபக்காரர், ஆனால் பொய்யர் இல்லை. கேட்டிருந்தால் விட்டிருப்பார் என்றுதான் நினைக்கிறேன். கிணறு இருந்த இடத்தைக் காட்டியதில் தப்பில்லை, அது நிஜம். ஆனால் அதே இடத்தில் நின்றுகொண்டு, “அக்கா இங்கயே இருக்கட்டுங்க” என்று சொல்லியிருக்கலாம். எனக்காக எல்லாரிடமும் பேசியவருக்காக நான் பேச வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.