தாய்மாமன் கை

ஜவ்வாது மலையில் சடையனின் ஊரில் எந்த நல்ல காரியத்துக்கும் தாய்மாமன் கைதான் முதலில் பட வேண்டும். அதனால்தான் எண்பத்தாறில் பஞ்சாயத்துத் தலைவர் பதவிக்கு நின்றபோது, அடுத்த பஞ்சாயத்திலிருந்த தன் மாமனைக் கூட்டிவந்து, முன்மொழிபவராக வேட்புமனுவில் கைநாட்டு வைக்கச் சொன்னான். எதிர்த்து நின்ற தங்கை புருஷன் சின்னக்குழந்தை அதைப் பார்த்தும் வாயைத் திறக்கவில்லை. மனு போடும் கெடு முடிந்து, மறுநாள் பரிசீலனையில்தான் அதிகாரி முன் எழுந்தான்.

“இவருக்கு இந்த வூருல ஓட்டே இல்லீங்க. இவரு கைநாட்டு செல்லாதுங்க.”

மனு தள்ளுபடியானது. சின்னக்குழந்தை போட்டியின்றித் தலைவரானான்.

சடையன் வழக்குப் போட்டான். இரண்டு வருஷம் மலையிறங்கி கோர்ட்டுக்கு நடையாய் நடந்து, தோற்றான். ‘கோர்ட்டு விட்டா நான் விட்டுருவனா’ என்று கறுவிக்கொண்டே காத்திருந்தான்.

சின்னக்குழந்தையின் மகளுக்கு மாப்பிள்ளை ஊரில் கல்யாணம். தாய்மாமன் தொட்டுக் கொடுக்காமல் தாலி கட்டமாட்டார்கள். பந்தலே பார்த்திருக்க, சின்னக்குழந்தை தாலித்தட்டை நீட்டினான். தங்கை கண்ணாலேயே கெஞ்சினாள். சடையன் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டான்.

“எனக்கு இந்த வூருல ஓட்டு இல்லியே மச்சான். என் கை மட்டும் எப்படிச் செல்லும்?”