எறும்பு கடித்த நாளின் பெயர்

எங்கள் வீட்டில் மூன்று பாஷைகள் புழங்கின. அப்பாவோடும் அத்தையோடும் தமிழ். கண்டி டவுனில் எங்கள் மாடிவீட்டுக்குக் கீழே இருந்த அப்பாவின் புடவைக்கடைக்கு வருகிறவர்களோடு சிங்களம். மூன்றாவது பாஷையை அக்காவும் அண்ணனும் அலுமாரிக்குப் பின்னால் உட்கார்ந்து உண்டாக்கினார்கள். அதன் பெயர் ஜிம்பிலி. ஹந்தானை மலைக்கு அந்தப் பக்கம் வாழும் ஒரு கூட்டம் இதைத்தான் பேசுகிறது என்று அண்ணன் தலையில் அடித்துச் சத்தியம் செய்தான். அந்தப் பக்கமும் தேயிலைதான் என்பது எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது. அப்போது எனக்கு ஆறு வயது, அண்ணனுக்கு ஒன்பது, அக்காவுக்குப் பதினொன்று.

ஜிம்பிலியில் சோறு, தண்ணீர், உட்காரும் கதிரை எதற்கும் சொல் கிடையாது. அதற்கெல்லாம் தமிழே போதும் என்று விட்டுவிட்டார்கள். நடந்து முடிந்த நாட்களுக்கு மட்டும்தான் சொல், ஒரு நாளுக்கு ஒன்று. அந்த நாளை யார் நினைவில் வைத்திருக்கிறாரோ அவருக்குத்தான் அந்தச் சொல் சொந்தம். அவர் அதைச் சொல்லிவிட்டால் மற்றவர்கள் வாயைப் பொத்திக்கொள்ள வேண்டும். அவர் அந்த நாளை முதலிலிருந்து கடைசிவரை சொல்ல வேண்டும். ஒரு சொல்லை இன்னொருவருக்குக் கொடுக்கலாம். ஆனால் கொடுத்தால் அந்த நாளும் கூடவே போய்விடும். கொடுத்தவருக்கு அது மறந்தே போயிற்று என்று அர்த்தம். யார் கேட்டாலும் தெரியாது என்றுதான் சொல்ல வேண்டும்.

அண்ணன் வாவியில் விழுந்த நாளுக்குத் 'தொப்பாளு' என்று பெயர். அதை அவன் மீன் வைத்த ஒரு மாலுபணிஸுக்கு என்னிடம் கொடுத்துவிட்டான். நானும் தண்ணீருக்குள் உடும்பு மாதிரியான பெரிய கபரகொய்யா காலை உரசிக்கொண்டு போனதை ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். அத்தை அதை நம்பிப் பயந்து என் கையில் கறுப்புக் கயிறு கட்டிவிட்டார். அண்ணனுக்கு ஆறவில்லை. அடுத்த வாரமே பக்கத்து வீட்டுப் பையனிடம், விழுந்தது தான்தான் என்று பீற்றிக்கொண்டான். அக்கா விசாரணை வைத்து, ஒரு வாரம் அவன் ஜிம்பிலி பேசக்கூடாது என்று தீர்ப்புச் சொன்னாள். மாலுபணிஸ் போனது போனதுதான்.

அம்மா இறந்தபோது எனக்கு ஒன்றரை வயது. அம்மாவைப் பற்றி அண்ணனிடம் இரண்டு சொற்கள் இருந்தன, அக்காவிடம் மூன்று. என்னிடம் ஒன்றுகூட இல்லை. அவர்கள் சொல்லும்போது நான் விதிப்படி வாயைப் பொத்திக்கொண்டு கேட்பேன். கேட்டுக் கேட்டு எல்லாம் மனப்பாடம். ஆனால் எதுவும் எனக்குச் சொந்தமில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை கம்பளையிலிருந்து மாமா வந்தார். அம்மாவின் அண்ணன். எங்கள் மூன்று பேரையும் பக்கத்தில் இருத்தி, "உங்கம்மாவ ஞாபகம் இருக்கா?" என்று கேட்டார். அவர்கள் இருவரும் ஆளுக்கொன்று சொன்னார்கள். என் முறை வந்ததும் எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது.

"அம்மா நல்ல ஒசரம்" என்றேன்.

"அடிப்பாவி, அம்மா குள்ளம்டி!" என்று அண்ணன் விழுந்து விழுந்து சிரித்தான்.

மாமாவுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. நான் அலுமாரிக்குப் பின்னால் போய் உட்கார்ந்தவள், சோற்றுக்கும் வரவில்லை. அத்தை கூப்பிட்டுப் பார்த்தார், திட்டிப் பார்த்தார். எல்லோருக்கும் ஒரு அம்மா இருந்திருக்கிறார், எனக்கு மட்டும் இருந்ததே இல்லை என்று எனக்குத் தோன்றிவிட்டது. அவ்வளவு அழுகையை அதன்பிறகு நான் அழுததில்லை.

மாமா போனபிறகு அக்கா உள்ளே நுழைந்து என் பக்கத்தில் இடுக்கிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"சுருக்கிலிய எடுத்துக்கிறியா?" என்றாள்.

எனக்கு அழுகை நின்றுவிட்டது. அக்காவிடம் இருந்ததிலேயே நல்ல சொல் அதுதான். என் காதில் அதை மூன்று தரம் சொன்னாள். பிறகு அந்த நாளை ஒருதரம் முழுவதும் சொன்னாள், வழக்கத்தைவிட மெதுவாக.

கம்பளைக்குப் போகும் ரயிலில் அம்மா ரம்புட்டானைப் பல்லால் கடித்துத் திறந்து ஊட்டியது. அதிலிருந்த சிவப்பெறும்பு சுருக்கென்று அம்மாவின் மேலுதட்டில் கடித்தது. உதடு வீங்கிப் போய், கூட்டிப்போக வந்த மாமா பார்த்தால் கேலி செய்வாரே என்று அம்மா ஸ்டேஷன் கூரைக்குக் கீழேயே குடையை விரித்து முகத்தை மறைத்துக்கொண்டு இறங்கியது. அவ்வளவுதான் அந்த நாள்.

"இனி இது ஒன்னோடது" என்று சொல்லிவிட்டு அக்கா எழுந்து போனாள்.

அடுத்த முறை மாமா வந்தபோது அவர் காலிலிருந்த சப்பாத்தைக் கழற்றக்கூட நான் விடவில்லை. நின்றபடியே சொன்னேன். மாமாவுக்குச் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

"ஆமாடி, ஆமா! மழையுமில்ல வெயிலுமில்ல, கொடையப் புடிச்சுக்கிட்டுல்ல எறங்கினா!" என்றவர் சட்டென்று நிறுத்தினார். "இரு, இரு. நீ அப்ப பொறக்கவே இல்லியே. பெரியவளத்தானே கையில புடிச்சுக் கூட்டிட்டு வந்தா?" அக்காவின் பக்கம் திரும்பினார். "ஏம்மா, அது நீதானே?"

அக்கா ஆமாம் என்று சொல்லிவிட்டால் எல்லாம் போயிற்று. நான் மறுபடியும் அம்மா ஒசரம் என்று சொன்ன பிள்ளைதான். அண்ணன் வாயைத் திறக்கப்போனான். அக்கா அவன் தொடையில் நறுக்கென்று கிள்ளினாள்.

"நான் இல்ல மாமா. எனக்கு அப்புடி ஒண்ணும் ஞாபகமே இல்ல. அது சின்னவளுக்குத்தான் தெரியும்."

மாமா அவளையே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு என்னை இழுத்து மடியில் வைத்துக்கொண்டு, "எனக்குத்தான் வயசாகிப்போச்சு, ஆள மாத்திட்டேன். நீ சொல்லு தங்கம், அப்புறம் என்னாச்சு?" என்றார்.

எனக்குத் தலைகால் புரியவில்லை. ஜிம்பிலி உண்மையிலேயே வேலை செய்கிறது! அக்காவுக்கு நிஜமாகவே எல்லாம் மறந்துவிட்டது. அன்று முழுவதும் அந்தச் சந்தோஷத்தில் குதித்துக்கொண்டிருந்தேன். சாயந்திரம்தான் அவளைப் பார்க்க எனக்குப் பாவமாக இருந்தது. ஜன்னலோரம் தலைபின்னிக்கொண்டிருந்தவளிடம் போய், ரயிலில் ஏறியதிலிருந்து குடை வரைக்கும் ஒன்றுவிடாமல் நானே சொன்னேன். பாதிப் பின்னலைக் கையில் பிடித்தபடி அக்கா கடைசிவரை கேட்டாள்.

"எறும்பு கடிச்சப்ப அம்மா அழுதாங்களா?" என்றாள்.

"இல்ல, சிரிச்சாங்க. ரொம்ப நேரம் சிரிச்சாங்க" என்றேன். "நீயும் அங்க இருந்திருக்கணும் அக்கா."