கரிவிரல் பட்ட பக்கம்

வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். யசோதா விஷயத்தில் அது அப்படியே நடந்தது. பெங்களூர் ஸ்ரீராம்புரத்துக் குழாயடியில் வழுக்கி விழுந்து அவளுடைய வலது மணிக்கட்டு முறிந்தது. கட்டுப் போட்டவர் கோணலாகப் போட்டுவிட்டார். அதன்பிறகு அந்தக் கையால் ஊதுபத்தி உருட்ட முடியவில்லை. புருஷன் ஏற்கெனவே போய்ச் சேர்ந்துவிட்டான். உருட்டினால்தான் அடுப்பில் உலை ஏறும் என்ற நிலை.

அவள் குடியிருந்த சந்தில் முத்தம்மா வீட்டு முன்னறையில்தான் பெண்கள் கூடி உட்கார்ந்து பத்தி உருட்டுவார்கள். மூங்கில் குச்சியும் கரி மசாலாவும் கைக்கு வேலை கொடுக்கும். வாய்க்கு வேலையில்லாததால் தினம் ஒரு சண்டை வரும். மிஷன் பள்ளியில் எட்டாவது வரை படித்த யசோதாவை உட்காரவைத்துப் புத்தகம் படிக்கச் சொல்லலாம் என்று முத்தம்மாதான் யோசனை சொன்னாள். சாயங்காலம் ஒவ்வொருத்தியும் தான் உருட்டியதில் ஒரு பிடியை எடுத்து யசோதாவின் தட்டில் வைத்துவிடுவது என்று பேசி முடித்தார்கள். அந்த அறையில் கரி படாத கை அவளுடையது ஒன்றுதான். பக்கத்தை அழுக்காக்காமல் திருப்ப வேறு யாராலும் முடியாது.

முதலில் புராணக் கதை படித்துப் பார்த்தாள். எடுபடவில்லை. கூத்துப் பார்த்தே வளர்ந்த அந்தப் பெண்கள் அவள் வாய் திறக்கும் முன்னே அடுத்து நடப்பதைச் சொல்லிவிட்டார்கள். பக்கத்துத் தெருப் படிப்பகத்தைப் பார்த்துக்கொண்ட கோவிந்தப்பா ஒரு சரித்திரப் புத்தகத்தைக் கொடுத்தனுப்பினார். அதைக் கேட்ட நாளிலிருந்து அவர்களுக்குப் பித்துப் பிடித்துவிட்டது. ராஜாக்கள், உப்பு வரி, கப்பலில் வந்தவர்கள், ஊருக்கு ஊர் மாறும் சாப்பாடும் சடங்கும் எல்லாம் வேண்டும். ஆனால் எந்த ராஜாவுக்கும் அவர்கள் பயப்படவில்லை. ஒரு மகாராஜாவுக்கு முந்நூறு ராணிகள் என்று படித்ததும், "அத்தினி பேருக்கும் தண்ணி எவ தூக்கினா?" என்று சின்னத்தாயி கேட்டாள். புத்தகத்தில் அதற்குப் பதில் இல்லை. எழுதியவர் குடம் தூக்கியிருந்தால் அல்லவா எழுதுவார்.

மொழிவாரியாக ராஜ்யங்களைப் பிரித்துப் புது மைசூர் ராஜ்யம் ஆன இரண்டாம் வருஷம், நாட்டு மக்களின் வாழ்க்கையைப் பற்றிய தடிப் புத்தகம் ஒன்று படிப்பகத்துக்கு வந்தது. கடலோடிகள், ஆடு மேய்ப்பவர்கள், மலையில் தேன் எடுப்பவர்கள் என்று வரிசையாக எழுதியிருந்தது. நாம் எப்போது வருவோம் என்று பெண்கள் தினமும் கேட்டார்கள். அவர்கள் வட ஆற்காட்டுச் சேரிகளிலிருந்து பஞ்சம் பிழைக்க பெங்களூர் வந்தவர்களின் பிள்ளைகள்.

அந்தப் பக்கமும் வந்தது. யசோதாவின் கண் ஒரு வரி முன்னால் ஓடியது. அழுக்கானவர்கள், குடிகாரர்கள், சொந்தமாகச் சரித்திரம் என்று சொல்லிக்கொள்ள இவர்களிடம் ஒன்றுமில்லை என்று எழுதியிருந்தது. இரண்டு தாளைச் சேர்த்துத் திருப்பி, அடுத்து வந்த நெசவாளர்களைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தாயிற்று. அவர்கள் மனசு நோகுமே என்று அவள் பயந்தது நிஜம். புத்தகமே வேண்டாம் என்று சொல்லிவிட்டால் தன் தட்டில் பத்தி விழாதே என்று பயந்ததும் நிஜம். பாவம், இரண்டில் எது பெரிய பயம் என்று அவளுக்கே தெரியாது. அன்று சாயங்காலம் தட்டை வாங்கும்போது கை கூசியது.

மறுநாள் மத்தியானம் புத்தகம் முடிந்தது.

"அவ்ளோதானா?" என்றாள் சின்னத்தாயி. "மலை மேல இருக்கிறவன் வரைக்கும் எழுதிக்கிறான். நம்மளப் பத்தி ஒரு வரி கூட இல்லியா?"

இல்லை என்று யசோதா தலையாட்டினாள். யாருக்கும் கோபம் வரவில்லை. வந்திருந்தால் அவள் தாங்கியிருப்பாள். பந்தியில் உட்கார்ந்தவர்களுக்கு இலை போடாமல் தாண்டிப் போனால் முகம் எப்படி ஆகுமோ, அப்படி ஆயின எல்லா முகங்களும். தன் அப்பா இந்த ஊரில் கட்டடத்துக்குக் கல் சுமந்தே கூன் விழுந்து செத்தார், அதுகூடக் கணக்கில் இல்லையா என்று முத்தம்மா தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள்.

யசோதாவால் அதற்கு மேல் முடியவில்லை. "இருக்குக்கா. நான்தான் படிக்காம தாண்டிட்டேன்" என்றாள். பிறகு அந்தப் பக்கத்தை எடுத்து ஒரு சொல் விடாமல் படித்தாள். யாரும் உருட்டவில்லை.

முத்தம்மா எழுந்து வந்து, எங்கே இருக்கிறது என்று காட்டச் சொன்னாள். யசோதா காட்டிய வரியின் மேல் விரலை வைத்து முழுவதும் இழுத்தாள். கறுப்பாக ஒரு கோடு விழுந்தது.

"திட்டினவன் அவன். அவனுக்கு நான் பதில் சொல்லிக்குவேன். மறைச்சவ நீ. எங்களுக்கு இருக்கிறது உன் கண்ணு ஒண்ணுதான். அதுவே மறைச்சா நாங்க எங்கடி போறது?"

யசோதா அழுதாள். சின்னத்தாயி வந்து அந்த வரியைத் தொட்டுப் பார்த்தாள். பின்னாலேயே மற்றவர்களும் வந்தார்கள். கரிக் கையோடு வந்த ஒவ்வொருத்திக்கும் யசோதா புத்தகத்தை நீட்டிப் பிடித்தாள்.

அன்று சாயங்காலம் வரை புத்தகத்துக்கு வேலையில்லை. சரித்திரம் இல்லையாமே என்று சின்னத்தாயிதான் ஆரம்பித்தாள். வாணியம்பாடிப் பக்கத்திலிருந்து நடந்தே வந்து கோலார் சுரங்கத்தில் இறங்கிய தன் அப்பனைப் பற்றிச் சொன்னாள். ஒருத்தி விட்ட இடத்தில் இன்னொருத்தி பிடித்துக்கொண்டாள். யசோதா முதல் தடவையாகக் கேட்கிறவளாக உட்கார்ந்திருந்தாள். கிளம்பும்போது முத்தம்மா, மறைத்துப் படித்ததற்குக் கூலி கிடையாது என்று, முந்தின நாள் தான் கொடுத்த பிடியைக் கறாராகத் திருப்பிக் கேட்டாள். இன்றைய பிடியை நிறைவாக வைத்தாள்.

புத்தகத்தைப் பாழாக்கினால் உறுப்பினர் அட்டை பறிபோகும் என்று படிப்பகச் சுவரில் எழுதியிருக்கும். அட்டை போனால் பிழைப்பும் போகும். யசோதா புத்தகத்தோடு அட்டையையும் தானே மேஜைமேல் வைத்தாள். பிரித்துப் பார்த்த கோவிந்தப்பாவுக்கு வயிறு எரிந்தது. அவருக்குப் புத்தகங்கள் பெற்ற பிள்ளை மாதிரி.

"இவ்ளோ கை வெச்சிருக்காங்களே, யாரம்மா இவங்க?"

"அந்தப் பக்கத்துல எழுதிக்கிதே, அவங்கதாங்க."

கோவிந்தப்பா புத்தகத்தை ஜன்னல் பக்கம் திருப்பி, கரிக்கு அடியில் இருந்ததைப் படித்தார். அட்டையை அவர் எடுத்துக்கொள்ளவில்லை.