கடிதத்தைப் படித்தவர்

ஆர்மோனியத்தின் துருத்தி மூச்சிழுக்கும் சத்தம் எங்கே கேட்டாலும், மலேசியாவின் கூலாய் ஊர் மண்டபத்தில் ஜெர்மன் ஊமைப்படத்துக்கு வாசித்தவர் என் நினைவில் வந்து உட்கார்ந்துகொள்கிறார். ஒல்லியான மனிதர், ஜெர்மன்காரர் தொழிற்சாலையில் வேலை; அங்கே ஜெர்மன் படிக்கக் கற்றிருந்தார். திரையில் எழுத்து வந்ததும் வாசிப்பை நிறுத்தி, தொண்டையைச் செருமிவிட்டுத் தமிழில் சொல்வார்.

படத்துக்கு ஏற்பாடு செய்திருந்தவன் நான். தொடங்குமுன் என்னிடம் வந்தார். “முன்வரிசையில ஒரு சீட்டு வைங்க சார். வீட்டுக்காரி சிகாமட்லேருந்து வர்றா. கோவிச்சிட்டுப் போய் மூணு மாசமாச்சு.”

“எதுக்குக் கோவம்?”

“இந்தப் பெட்டிதான்,” என்று ஆர்மோனியத்தைத் தட்டினார்.

அவள் வந்தாள். படத்திலும் ஓர் இசைக்கலைஞன். வயலினே உலகமென்று கிடப்பவனை விட்டு மனைவி போய்விடுகிறாள். அவளுடைய கடிதம் திரையில் விரிந்தது. அவர் இரண்டு முறை செருமினார். “சீக்கிரம் திரும்பி வருவேன்,” என்று படித்தார். என் கையிலிருந்த கதைச்சுருக்கத்தில் ‘இனி வரமாட்டேன்’ என்றிருந்தது.

படம் முடிந்ததும் வாசலில் மெதுவாகக் கேட்டேன். “கடிதத்த மாத்திட்டீங்களே, அண்ணே?”

“அந்த வார்த்தைய அவ முன்னால என் வாயால எப்படி சார் சொல்றது?”

காருக்குள்ளிருந்து அவள் குரல் வந்தது. “வர்றீங்களா, இல்ல அந்தப் பெட்டியோடவே குடித்தனம் பண்ணப் போறீங்களா?”

ஆர்மோனியத்தை மார்போடு அணைத்தபடியே ஓடினார்.

“வந்துட்டேன்லா!”