ஒரே தாளின் இரண்டு துண்டுகள்

எங்கள் வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டியவன் என் தம்பி ஒருவன்தான். நான் எட்டோடு நின்று பைண்டிங் பட்டறைக்குப் போய்விட்டேன். அவன் ஓவியம் படித்து, இருபது வருடமாகப் பெரிய வகுப்புப் பிள்ளைகளுக்கு நிறப் பாடம் நடத்துகிறான். ஊருக்கெல்லாம் நிறம் சொல்லிக்கொடுப்பவன், தன் வீட்டுக் கூடத்துச் சுவருக்கு நிறம் தேர்ந்தெடுக்க இரண்டு வருடம் எடுத்துக்கொண்டான். கடைசியில் அடித்தது வெள்ளை.

வகுப்பில் சிவப்பு, மஞ்சள், நீலம் மூன்றுதான் கொடுப்பான். கருப்பு டியூப் பீரோவில் பூட்டியிருக்கும்.

"சார், ஒரே ஒரு சொட்டு கருப்பு. பூனை வரையணும்" என்று ஒரு பெண் கெஞ்சினாளாம்.

"மூணையும் கலந்து நீயே செஞ்சுக்கோ. கடைக் கருப்புல உயிர் இருக்காது."

"எங்க வீட்டுப் பூனை கருப்புதான் சார். நல்லா உயிரோடதான் திரியுது."

"வெயில்ல வச்சுப் பாரு. அது பழுப்பு."

மறுநாள் அவள் பூனை முடியைக் காகிதத்தில் மடித்துக் கொண்டுவந்தாள். ஜன்னலோரம் பிரித்துப் பார்த்தார்கள். பழுப்புதான்.

போன வருடம் தலைமையாசிரியை அவனைக் கூப்பிட்டுச் சொன்னார். ஓவியத்துக்கு வாரம் இரண்டு பீரியட் இருந்தது. அதையும் கணக்குக்குக் கேட்கிறார்கள். வருகிற ஆய்வாளர் நல்லபடியாக எழுதினால் பிழைக்கும். இல்லாவிட்டால் அவன் நூலகத்தில் உட்கார்ந்து புத்தகத்துக்கு எண் போட வேண்டியதுதான்.

ஆய்வாளர் வந்த அன்றைக்கென்று அவன் எடுத்துக்கொண்ட பாடம், ஒரு நிறத்தைப் பக்கத்து நிறம் மாற்றிக்காட்டும் என்பது. அதற்கான சாம்பல் நிறத் துண்டுகளை நான்தான் பட்டறையில் வெட்டிக் கொடுத்தேன். ஒரே தாள், ஒரே வெட்டு. ஒரு துண்டைக் கருப்பு அட்டையில் ஒட்டினான், இன்னொன்றை வெள்ளை அட்டையில். கருப்பின் மேல் இருப்பது வெளுத்துத் தெரியும், வெள்ளையின் மேல் இருப்பது இருண்டு தெரியும். இரண்டு ஓட்டை போட்ட காகிதத்தால் அட்டைகளை மறைத்துப் பார்த்தால் வித்தியாசம் போய்விடும்.

ஆய்வாளர் அட்டைகளைப் பார்த்தார். "இதுல எது கரும் சாம்பல்?"

"ரெண்டும் ஒண்ணுதான் சார்" என்றார்கள் முப்பத்தொரு பேரும்.

"நல்லாப் பாத்துச் சொல்லுங்க."

பூனைக்காரப் பெண் எழுந்து காகிதத்தை நீட்டினாள். "சார், இந்த ஓட்டை வழியாப் பாருங்க."

"நான் எதுக்கும்மா ஓட்டை வழியாப் பாக்கணும்? கண்ணாடி போன மாசம்தான் மாத்துனேன்."

தம்பி விளக்க வாயெடுத்தான். அவர் கையமர்த்திவிட்டு அடுத்த வகுப்புக்குப் போய்விட்டார்.

பத்து நாளில் அறிக்கை வந்தது. மாணவர்களுக்கு வெளிர் சாம்பலுக்கும் கரும் சாம்பலுக்கும் வேறுபாடு தெரியவில்லை என்றும், நிலைமை கவலைக்குரியது என்றும், ஓவியத்துக்கு வாரம் மூன்று பீரியட் ஒதுக்க வேண்டும் என்றும் எழுதியிருந்தார்.

கணக்கு ஆசிரியர் தம்பியிடம் வந்து கைகொடுத்தார். "உங்க பிள்ளைங்க தேறலேன்னு பீரியட் கூடுது. என் பிள்ளைங்க தேறிட்டாங்க, எனக்குத்தான் கெட்ட நேரம்."

தம்பியால் அதை விட முடியவில்லை. இரண்டு துண்டும் ஒரே தாள் என்று விளக்கி ஒரு பக்கம் எழுதி, மாதிரியும் ஒட்டி, தலைமையாசிரியையிடம் கொண்டுபோனான். அவர் நிதானமாகப் படித்தார்.

"தாராளமா அனுப்பலாம் சார். அனுப்புனா அவர் எழுதுனது தப்புன்னு ஆகும். தப்புன்னு ஆனா மூணு பீரியடும் போகும். கையெழுத்துப் போடவா?"

நாளைக்குச் சொல்கிறேன் என்று வந்துவிட்டான். மறுநாள் நடந்ததை அப்படியே வகுப்பில் சொல்லி, என்ன செய்யலாம் என்று கேட்டான். பிள்ளைகளிடம் இதையெல்லாம் கேட்கும் வாத்தியார் அந்தப் பள்ளியில் அவன் ஒருவன்தான்.

பின் பெஞ்சிலிருந்து ஒருத்தி சொன்னாள்: "அவர் கண்ணுக்கு ரெண்டாத்தானே சார் தெரிஞ்சுது? அப்படித்தான் தெரியும்னு நீங்களே நடத்துனீங்க. அவர் பொய் எழுதலையே."

இருபது வருடத்தில் அவன் பாடத்தை அவனுக்கே யாரும் இவ்வளவு சரியாக ஒப்பித்ததில்லை. திரும்பிக் கரும்பலகையைத் துடைத்தானாம். அதில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

இப்போது வாரம் மூன்று பீரியட் நடத்துகிறான். கடிதம் மேஜை இழுப்பறையில் இருக்கிறது. அனுப்பினாயா என்று ஒருமுறை கேட்டேன்.

"இன்னும் தேதி போடலக்கா" என்றான்.